சந்தையில் தொங்கிய அடிகள்

சேர்மாபுரம் சந்தையில் யாரும் யாருக்கும் வணக்கம் சொல்வதில்லை, கை ஓங்குவார்கள். காலையில் லாரியிலிருந்து வாழைத்தார் இறங்குவதற்கு முன்பே, சுமைக்காரர்கள் ஒருவர் முகத்துக்கு நேரே ஒருவர் முஷ்டியை வீசி, மூக்குக்கு முன்னால் சட்டென்று நிறுத்தி, "என்னல, சோறு தின்னியா?" என்று விசாரித்துக்கொள்வார்கள். கை எவ்வளவு கிட்டத்தில் நிற்கிறதோ அவ்வளவு சிநேகம். புதிதாக வந்தவருக்கு ஒரு முழம், முகம் தெரிந்தவருக்கு ஒரு சாண், வீட்டு விசேஷத்துக்குக் கூப்பிடுகிற அளவு பழகியவருக்கு நாலு விரற்கடை, உயிர்ச் சிநேகிதருக்கு ஓர் எறும்பு நுழைகிற இடைவெளி, அவ்வளவுதான். கண்ணை இமைத்தவர் டீ வாங்கித் தரவேண்டும். வெளியூரிலிருந்து மாற்றலாகி வந்த போலீஸ்காரர் ஒருவர் முதல் நாளே கண்ணில் பட்டவர்களையெல்லாம் அடிதடி வழக்கில் பிடித்துக்கொண்டு போய் விசாரித்தபோது, அத்தனை பேரும் ஒருவரைப் பற்றி ஒருவர் "தங்கமான மனுசன் சார்" என்று சாட்சி சொன்னார்கள். நாளாவட்டத்தில் அந்தப் போலீஸ்காரருக்கும் பழகிப்போய், ஒருநாள் ஞாபக மறதியாக இன்ஸ்பெக்டருக்கே கை ஓங்கிவிட்டு, மறுபடியும் மாற்றலாகிப் போனார்.

இத்தனை ஓங்கியும் ஓர் அடிகூட யார் மேலும் விழுந்ததில்லை என்பதில் சந்தைக்காரர்களுக்குத் தலைகொள்ளாத பெருமை. விளையாட்டு வினையாகும் என்று யாராவது சொல்லிவிட்டால் போதும், "ஒங்க ஊருல வெளையாடத் தெரியல வே" என்று சொல்லி அவருக்கும் ஒரு முழத்தில் ஒன்று ஓங்கி அனுப்புவார்கள்.

இந்தக் கலையில் சந்தையிலேயே பேர்பெற்றவர்கள் இலைக்கடை ஞானப்பூவும் பிரம்மசக்தியும். ஒரே தகரக் கூரைக்குக் கீழே அடுத்தடுத்து இருவருக்கும் வாழையிலைக் கடை. ஞானப்பூ குட்டை, பிரமு என்று எல்லாரும் கூப்பிடும் பிரம்மசக்தி நெட்டை. அதனால் காலை வணக்கத்துக்கு ஞானப்பூ தண்ணீர் வாளியைக் கவிழ்த்துப்போட்டு அதன்மேல் ஏறித்தான் பிரமுவின் கன்னத்துக்குக் கை ஓங்க முடியும். அவர்கள் கை நிற்கிற இடத்தில் எறும்பும் நுழையாது, கன்னத்துப் பூனைமயிர் மட்டும் அசையும். அது முடிந்ததும் வாய்ச்சண்டை. வாடிக்கைக்காரர் யாராவது பிரமுவின் பக்கம் திரும்பினால், "அண்ணாச்சி, அவ இலை பூராம் கிழிசலு, சாம்பார் ஊத்துனா ஒம்ம மடியில வந்து உக்காரும், இங்க வாரும்" என்று ஞானப்பூ கத்துவாள். பிரமு இலையறுக்கிற கத்தியைத் தூக்கிக்கொண்டு அவளை விரட்டுவதுபோல் ஓடுவாள். சுற்றி நிற்பவர்கள் கைதட்டுவார்கள். வாடிக்கைக்காரர் சிரித்துக்கொண்டே ஞானப்பூவிடம் இலை வாங்கிக்கொண்டு போவார். அவர் யாரிடம் வாங்கினார் என்பதை ஒருவரும் கவனித்ததில்லை. பிரமுவும் சேர்ந்து சிரித்தாள் என்பதைத்தான் கவனித்தார்கள்.

சிரித்தாள்தான், அவ்வளவு சிநேகம். ஞானப்பூவுக்கு மகள் ஜெபமலர் பிறந்தபோது குழந்தையை முதலில் கையில் வாங்கியவள் பிரமு. வாங்கிய கையோடு, "இவ கல்யாணப் பந்திக்கு நாந்தான் இலை போடுவேன், வேற எவளும் கைவைக்கப்படாது, சொல்லிட்டேன்" என்று சத்தியம் பண்ணியிருந்தாள். அந்த ஜெபமலருக்கு இப்போது மாப்பிள்ளை பேசி, சித்திரையில் நாளும் குறித்தாகிவிட்டது. பந்திக்கு எந்தத் தோட்டத்து இலை என்று இருவரும் ஆறுமாதமாகப் பேசிக்கொண்டிருந்தார்கள்.

அப்படியிருக்கும்போதுதான் ஒரு மாசி மாதத்துச் செவ்வாய்க்கிழமை, ஓங்கிய அடிகள் கையோடு திரும்பிப் போகாமல், நின்ற இடத்திலேயே நிற்க ஆரம்பித்தன. முதலில் கண்டுபிடித்தது ஒரு வெள்ளாடு. முட்டைக்கோஸ் தழையைத் தின்றுகொண்டே இரண்டு கடைகளுக்கு நடுவில் நடந்துபோன ஆடு, வெறுங்காற்றில் பளாரென்று ஓர் அறை வாங்கி, தழையைக் கீழே போட்டுவிட்டு, சற்று நேரம் யோசித்துவிட்டு வேறு பக்கமாகப் போனது. அடுத்து ஒரு தக்காளி வியாபாரி, அதற்கடுத்து எடைக்கல் சோதிக்க வந்த அதிகாரி. மத்தியானத்துக்குள் சந்தைக்கு விஷயம் புரிந்துவிட்டது. ஒருவர் ஓங்கிவிட்டுப் போன அடி அந்த இடத்திலேயே அந்த உயரத்திலேயே தொங்குகிறது, யாராவது அதை வாங்குகிற வரைக்கும் தொங்குகிறது, வாங்கியதும் தீர்ந்துபோகிறது. அவ்வளவுதானே என்று எல்லாரும் அவரவர் கடைக்குத் திரும்பினார்கள். முந்தின வருஷம் வெங்காயம் விற்ற விலையை விடவா இது அதிசயம்?

ஓங்குவதை நிறுத்திவிட்டுக் கையெடுத்துக் கும்பிட்டுப் பார்க்கலாமென்று பஞ்சாயத்தில் பேசினார்கள். ஒருநாள் கும்பிட்டும் பார்த்தார்கள். சந்தை முழுக்க ஓட்டுக் கேட்க வந்தவர்கள்போல இருந்தது. ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவே கூச்சமாகி, மறுநாளே பழையபடி ஓங்க ஆரம்பித்துவிட்டார்கள். ஓங்கியவர் அந்த இடத்துக்கு நேர்கீழே தரையில் சுண்ணாம்பால் ஒரு வட்டம் போட்டுவிட்டுப் போகவேண்டும் என்று மட்டும் ஏற்பாடாயிற்று. பிறகு சுண்ணாம்பு வட்டங்களைச் சுற்றிச் சுற்றி நடக்க மக்கள் பழகிக்கொண்டார்கள், வேட்டியை மடித்துக் கட்டிய பெரிய மனிதர்கள்கூடப் பாண்டி விளையாடும் பிள்ளைகள்போலத் தாண்டித் தாண்டிப் போனார்கள்.

இதிலும் பிழைக்கத் தெரிந்தவர்கள் பிழைத்தார்கள். தேங்காய்க்கடை ஆழ்வாரப்பன் தினமும் காலையில் சுமைக்காரர்களைக் கடைவாசலுக்குக் கூப்பிட்டு, "ஆளுக்கு ஒரு குத்து விட்டுட்டுப் போங்கப்பா" என்று கெஞ்சி வாங்கி, வரிசையாகத் தொங்கவிட்டு, அன்றைக்கெல்லாம் அரிவாளைத் தொடாமல் தேங்காய் உடைத்தார். "அடி உதவுற மாதிரி அண்ணன் தம்பி உதவமாட்டான்னு சும்மாவா சொன்னான்?" என்று வருகிறவர் போகிறவரிடமெல்லாம் சொல்லிச் சிரித்தார். முதுகுவலிக்காரர்கள் நல்ல சுமைக்காரனாகப் பார்த்து ஓங்கச்சொல்லி, பின்பக்கமாக நடந்துபோய் வாங்கிக்கொண்டார்கள். பால் குடித்துவிட்டு ஏப்பம் விடாத குழந்தைகளுக்கென்று, மெதுவாகத் தட்டுகிற கை உள்ள ஒரு கீரைக்காரி தன் கடைமுன்னால் நாலைந்து தட்டுகளைத் தொங்கவிட்டிருந்தாள். தாய்மார்கள் குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு வரிசையில் நின்றார்கள். சந்தைக்கு நல்ல பேர்தான்.

கெடுத்தது பூசணிக்காய். பூசணிக்காய் வியாபாரி லிங்கத்துரைக்கு ஒரு சந்தேகம் வந்தது: எல்லா அடியும் ஒரே அடியா? தன்னை நோக்கி இரண்டு சிநேகிதர்கள் ஓங்கிவிட்டுப் போன குத்துகளுக்கு முன்னால் ஆளுக்கொரு பூசணிக்காயைப் பிடித்துப் பார்த்தார். ஒன்றில் லேசாக நசுங்கல், மற்றது இரண்டாகப் பிளந்து விதை தெறித்தது. இரண்டு பேரும் சிரித்துக்கொண்டுதான் ஓங்கினார்கள், ஒரே இடைவெளியில்தான் நிறுத்தினார்கள். அப்படியானால் பிளந்தவன் உள்ளே என்ன வைத்திருந்தான்? முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைப்பவர்களைக் கேள்விப்பட்டிருக்கிறோம். சிநேகத்தின் சங்கதியைப் பூசணிக்காயில் கண்டுபிடித்தவர் உலகத்திலேயே லிங்கத்துரை ஒருவர்தான். அதற்குப் பிறகு சந்தையில் பூசணிக்காய் சாம்பாருக்குக் கிடைக்கவில்லை. ஆளாளுக்கு வாங்கிப்போய், தனக்கு விழுந்த வணக்கத்தைச் சோதித்தார்கள். "நேத்து நீ ஓங்குனதுல காய் ரெண்டாப் போச்சே, எம்மேல என்னல கோவம் ஒனக்கு?" என்று கேட்பதும், "சும்மா வெளையாட்டுக்குத்தான மாப்ள" என்று மழுப்புவதும், மழுப்பியதும் சந்தேகம் வளர்வதுமாக ஆயிற்று. ஒரே வீட்டில் பெண்ணெடுத்த இரண்டு சுமைக்காரர்கள் இந்தப் பேச்சில் ஆரம்பித்து, நிஜமாகவே சட்டையைப் பிடித்து, நிஜமாகவே அடித்துக்கொண்டார்கள். சந்தையின் சரித்திரத்தில் யாரும் பார்க்காத காட்சி அது. விலக்கிவிடக்கூட ஒருவருக்கும் தெரியவில்லை, பழக்கத்தில் கைதட்டிக்கொண்டு நின்றார்கள்.

ஞானப்பூவும் பிரமுவும் பூசணிக்காயைத் தொடுவதில்லையென்று முடிவுபண்ணியிருந்தார்கள். "நமக்கு எதுக்குட்டி அது?" என்றாள் ஞானப்பூ. "காயிக்குப் பிடிச்ச கேடு" என்றாள் பிரமு. தினமும் ஓங்கி முடித்ததும் அந்த அடியை ஓர் ஓலைப்பாயில் வாங்கித் தீர்த்துவிட்டுத்தான் கடையை விரிப்பார்கள். ஒருநாள் மட்டும் அவசரமாக வாடிக்கைக்காரர் வந்துவிட, பாய் எடுக்க மறந்துபோனது. சாயங்காலம், பிரமு வீட்டுக்குப் போன பிறகு, கீழே உட்கார்ந்து இலைக்குத் தண்ணீர் தெளித்துக்கொண்டிருந்த ஞானப்பூ எழுந்து நிமிர்ந்தாள். பிரமு காலையில் விட்டுப்போன அறை அவளுடைய கன்னத்தில் இறங்கியது. காதிலிருந்த கம்மல் கழன்று ஆழ்வாரப்பன் கடைவரைக்கும் போய் விழுந்தது.

வலியை விட அவளுக்கு ஆச்சரியம்தான் பெரிதாக இருந்தது. இது பாயில் வாங்கித் தீர்க்கிற அறையா? நாலு விரலும் கன்னத்தில் பதிந்திருந்தன. இவ்வளவு பலத்தைச் சிரித்த முகத்துக்குப் பின்னால் எங்கே வைத்திருந்தாள்? எத்தனை நாளாக வைத்திருந்தாள்? அன்று ஞானப்பூ சோறு தின்னவில்லை. மறுநாள் காலை பிரமு வந்து, "என்னட்டி கன்னம் வீங்கியிருக்கு, சொத்தப்பல்லா?" என்று கேட்டபோது, "ஆமா, பல்லுதான்" என்று சொல்லிவிட்டு, வாளியில் ஏறி, வழக்கம்போலச் சிரித்துக்கொண்டே, முழு மனதோடும் முழு பலத்தோடும் கையை வீசி, கன்னத்துக்கு முன்னால் நிறுத்தினாள். பாயை எடுக்கவில்லை. சுண்ணாம்பும் போடவில்லை. பிரமு இலைக்கட்டைத் தூக்க ஓரடி முன்னால் வைத்தாள், அவ்வளவுதான்.

அவர்களுடைய சண்டை அப்படித் தொடங்கியது, அதைச் சண்டை என்று பார்த்தவர்கள் யாரும் சொல்லமாட்டார்கள். இரண்டு பெண்களும் தினம் காலையில் சிரித்துக்கொண்டே கை ஓங்கினார்கள், தினம் மாலையில் வீங்கிய முகத்தோடு வீட்டுக்குப் போனார்கள். ஞானப்பூ பிரமுவின் கல்லாப்பெட்டிக்குப் பக்கத்தில் ஓர் அறையைத் தொங்கவைத்தாள். பிரமு ஞானப்பூவின் தண்ணீர்ப்பானைக்கு மேலே இரண்டை வைத்தாள். யாராவது கேட்டால் இருவருமே, "வெளையாட்டுக்குத்தான்" என்றார்கள். பிரமு ஒருநாள் நிஜமாகவே கேட்டாள்: "எதுக்குட்டி இப்படிச் செய்யுத?" "நீ எதுக்குச் செஞ்ச?" என்றாள் ஞானப்பூ. "நான் என்ன செஞ்சேன்?" என்று பிரமு கேட்டது உண்மையாகவே தெரியாமல்தான். ஆனால் தெரியாததுபோல நடிக்கிறாள் என்றுதான் ஞானப்பூவுக்குத் தோன்றியது.

இவர்களைப் பார்த்து மற்றவர்களும் கற்றுக்கொண்டார்கள், கெட்டதைக் கற்பிக்க வாத்தியார் வேண்டாமே. பங்குனி முடிவதற்குள் சந்தையில் சுண்ணாம்பு வட்டம் போடுகிற ஆள் ஒருவர்கூட இல்லை. வாங்க வருகிறவர்கள் முறத்தை முகத்துக்கு நேரே பிடித்துக்கொண்டு, அண்டாவைத் தலையில் கவிழ்த்துக்கொண்டு வந்தார்கள். பிறகு அப்படியும் வராமல் பக்கத்து ஊர்ச் சந்தைக்குப் போனார்கள். குழந்தைகளுக்கான தட்டுகளையும் கீரைக்காரி தானே வாங்கித் தீர்த்துவிட்டாள். அந்த நாட்களில் சேர்மாபுரத்தில் வியாபாரமாகாமல் நின்றவர்கள் எல்லாரும் ஒருவர் முகத்தைப் பார்த்து ஒருவர் சிரித்துக்கொண்டே இருந்தார்கள். அந்தச் சிரிப்பைப் போலப் பயங்கரம் வேறில்லை.

கல்யாண நாள் வந்தது. ஞானப்பூ சந்தையில் ஒரு கடை விடாமல் அழைத்திருந்தாள், பக்கத்துக் கடையைத் தவிர. ஜெபமலர் அழுது பார்த்தாள். "பெரியம்மா இலை போடலன்னா நான் பந்தியில உக்கார மாட்டேன்" என்று சொல்லியும் பார்த்தாள். "உக்காராட்டா நின்னு சாப்பிடு" என்று சொல்லிவிட்டாள் ஞானப்பூ. சொன்னாளே தவிர, பந்திக்கு வேறு யாரிடமும் இலை சொல்லி வைக்கவில்லை. சமையல்காரர் கேட்டபோதெல்லாம் வேறு பக்கம் திரும்பிக்கொண்டாள்.

கோயிலில் தாலி கட்டி முடிந்து, கூட்டம் சந்தையை ஒட்டிய மண்டபத்துக்கு வந்துகொண்டிருந்த நேரம். பட்டுச்சேலை கட்டி, பன்னீர்ச்செம்போடு மண்டப வாசலில் நின்று, வந்தவர்களையெல்லாம் ஓரமாகவே உள்ளே அனுப்பிக்கொண்டிருந்த ஞானப்பூ, தெருமுனையில் தலைச்சுமையாக ஓர் இலைக்கட்டு உயரமாக அசைந்து வருவதைப் பார்த்தாள். கட்டுக்குக் கீழே பிரமு. நெற்றியில் ஒரு வீக்கம், கன்னத்தில் ஒரு வீக்கம், புதுச்சேலை.

"நில்லுட்டி!" என்று ஞானப்பூ போட்ட சத்தத்தில் பேண்டு வாத்தியம் நின்றது.

பிரமு நிற்கவில்லை. "ஒனக்காவ வரல. அந்தப் பிள்ளைக்குச் சொன்ன சொல்லுக்காவ வந்திருக்கேன். இலையப் போட்டுட்டு ஒரு வாய் தண்ணிகூட குடிக்காமப் போயிருவேன்."

"நில்லுன்னா நில்லு! ஒரு எட்டு எடுத்து வைக்காத!"

சந்தை முழுவதும் மண்டப வாசலில்தான் இருந்தது. ஆழ்வாரப்பன், லிங்கத்துரை, சட்டையைப் பிடித்துக்கொண்ட இரண்டு சுமைக்காரர்கள், எல்லாரும் பார்த்தார்கள். பிரமுவுக்கு முகம் சிவந்துவிட்டது. இலைக்கட்டை இறக்காமலேயே பேசினாள்.

"இத்தன பேரு முன்னால என்னைய வாசலோட நிறுத்துத. நிறுத்து. இருவது வருசமா இத்தன பேரு முன்னாலதான் ‘அவ இலை கிழிசலு’ன்னு சொன்ன. எம் முன்னால வந்த ஆளையெல்லாம் ஒம் பக்கம் இழுத்த. எல்லாரும் சிரிச்சாவ. நானும் சிரிச்சேன். வீட்டுக்குப் போயி அழுதிருக்கேன்ட்டி, அது ஒனக்குத் தெரியுமா? என் இலையில ஒரு கிழிசல் இருந்துச்சா என்னிக்காவது?"

ஞானப்பூவின் கையிலிருந்த செம்பு சாய்ந்து பன்னீர் அவள் காலிலேயே கொட்டியது. "அப்பவே ஒரு வார்த்த சொல்லியிருக்கலாம்லா?" என்றாள்.

"சொன்னா? ‘வெளையாட்டுக்குச் சொன்னதுக்கு மூஞ்சியத் தூக்குதா பாரு’ன்னு அதையும் வெளையாட்டாக்கியிருப்ப."

உண்மைதான், ஞானப்பூ அப்படித்தான் சொல்லியிருப்பாள். தன் கம்மலைக் கழற்றி எறிந்த அந்த அறைக்குள் என்ன இருந்தது என்று அவளுக்கு அப்போதுதான் தெரிந்தது. அது பகையில்லை. இருபது வருஷம் சொல்லாமல் வைத்திருந்த ஒரே ஒரு வாக்கியம். அவளுக்கு அழுகை வந்தது, வெட்கமாகவும் இருந்தது.

"நான் ஒன்னைய நிறுத்துனது வராதன்னு சொல்லதுக்கு இல்லட்டி" என்றாள் மெதுவாக. "ஒனக்கு முன்னால, அந்த வாசப்படிக்கு நேரே, ஒண்ணு தொங்குது. நேத்து நான் வச்சது. ஒனக்குன்னு வச்சேன். இதுவரைக்கும் நான் வச்சதுலயே பெருசு அதுதான். நாற்காலி போட்டு ஏறி வச்சேன்."

பிரமு தனக்கு முன்னாலிருந்த வெறுங்காற்றைப் பார்த்தாள். பிறகு ஞானப்பூவைப் பார்த்தாள். பிரமுவின் முகம் இளகியது.

"நேத்தே வச்சியா? கூப்பிடவே இல்ல, வாசல்ல மட்டும் வச்சியாக்கும்?" என்றாள். "அப்ப நான் வருவேன்னு ஒனக்குத் தெரியும்."

"வராம எங்கட்டி போவ?" என்றாள் ஞானப்பூ.

பிரமு தலைச்சுமையோடு ஓரெட்டு எடுத்து வைக்கப் போனாள், வாங்கிவிடுவோம் என்றுதான். "எவளும் கைவைக்கப்படாது, அது என்னுது!" என்று கத்திய ஞானப்பூ, மண்டபத்துக்குள்ளிருந்து ஒரு பிளாஸ்டிக் நாற்காலியைத் தானே இழுத்து வந்தாள். வாசற்படிக்கு நேரே போட்டாள். பட்டுச்சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு, சுமைக்காரர் ஒருவரின் தோளைப் பிடித்துக்கொண்டு ஏறினாள். நெட்டைப் பிரமுவின் கன்னம் இருக்கவேண்டிய உயரத்துக்குத் தன் கன்னத்தைக் கொண்டுபோக, அவள் நாற்காலியின் மேலேயும் குதிகாலைத் தூக்கவேண்டியிருந்தது. கண்ணை மூடவில்லை, இமைக்கவுமில்லை. தேடித் தேடி, காற்றில் முகத்தை இப்படியும் அப்படியும் நகர்த்தி, சரியான இடத்துக்கு வந்தாள்.

அந்தச் சத்தத்தில் மண்டபத்துக் கூரையிலிருந்த புறாக்கள் எல்லாம் கிளம்பிப் போய்விட்டன. நாற்காலியிலிருந்து விழுந்த ஞானப்பூவை, இலைக்கட்டைத் தெருவில் போட்டுவிட்டு ஓடிவந்து பிடித்தவள் பிரமு. இருவரும் படியில் உட்கார்ந்து, ஒருவரையொருவர் திட்டிக்கொண்டே அழுதார்கள், அழுதுகொண்டே சிரித்தார்கள். பிரமு தன் முந்தானையைச் செம்பில் மிச்சமிருந்த பன்னீரில் நனைத்து அவள் கன்னத்தில் ஒற்றினாள். "சவத்து மூதி, இம்புட்டு பலமாவா எனக்கு வச்சிருந்த?" என்று கேட்டாள். "ஒனக்குக் கொஞ்சமா வச்சா எனக்குக் கேவலம்லா" என்றாள் ஞானப்பூ.

அதற்குப் பிறகு சந்தையில் நடந்ததை இங்கேயே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் கல்யாண வீட்டில் கதை கேட்க ஆள் கிடைக்காது. அன்று பந்தியில் சாப்பிட்டு எழுந்தவர்கள் வெற்றிலையைக்கூட வாங்காமல் சந்தைக்குப் போனார்கள். அவரவர் அடுத்தவருக்கென்று வைத்த அடி எங்கே தொங்குகிறது என்று அவரவருக்குத்தானே தெரியும்? தேடிப்போய், அதற்கு முன்னால் நின்று, தன்னுடையதைத் தானே வாங்கிக்கொண்டார்கள். தன் கையே தனக்குதவி என்பதை இப்படியும் ஓர் ஊர் அர்த்தம் பண்ணிக்கொண்டது. சுமைக்காரர்கள் இருவரும் ஒரே நேரத்தில் எதிரெதிராக நின்று வாங்கி, ஒரே நேரத்தில் உட்கார்ந்தார்கள். ஆழ்வாரப்பன் தன்னுடைய அடிகளைத் தேங்காயில் தீர்த்துவிடப் பார்த்தார், கூட்டம் விடவில்லை. சாயங்காலம் சேர்மாபுரத்தில் வீங்காத முகம் ஒன்றுகூட இல்லை. எல்லாரும் ஆஸ்பத்திரி வாசலில் உட்கார்ந்து, யாருக்கு எதனால் கோபம் என்று ஒருவருக்கொருவர் சொல்லிக்கொண்டிருந்தார்கள். மறுநாள் காலை கை ஓங்கினார்கள். ஓங்கிய கை ஓங்கியபடியே திரும்பி வந்தது, காற்றில் ஒன்றும் மிச்சமில்லை.

கல்யாண வீட்டுக்கு வருவோம். பிரமு இடுப்பில் முந்தானையைச் செருகி, நுனி இடப்பக்கம் வரும்படி ஒவ்வொன்றாக இலை போட்டுக்கொண்டு போனாள்; ஜெபமலர் முதல் பந்தியிலேயே உட்கார்ந்தாள். சாப்பாடு முடிந்து போட்டோ எடுக்க எல்லாரையும் மேடைக்குக் கூப்பிட்டார்கள். ஞானப்பூ, கையில் சாம்பார் வாசத்தோடு நின்ற பிரமுவையும் இழுத்துக்கொண்டு போய்ப் பக்கத்தில் நிறுத்தினாள். வாசல் சமாசாரம் எதுவும் தெரியாத மாப்பிள்ளையின் அம்மா அப்போதுதான் சம்பந்தியம்மாளின் முகத்தைச் சரியாகப் பார்த்தாள். இடது கன்னம் அதிரசம்போல உப்பி, அதில் நாலு விரலும் எண்ணி எடுக்கிற மாதிரிப் பதிந்திருந்தன.

"ஐயோ, என்ன மைனி இது? கல்யாணத்தன்னிக்கு யாரு ஒங்கள இப்படி அடிச்சது?" என்று பதறிப்போய்க் கேட்டாள்.

"நாந்தான் மைனி" என்றாள் ஞானப்பூ. போட்டோக்காரர் சொல்வதற்கு முன்பே, வீங்கின கன்னம் நன்றாகத் தெரியும்படி முகத்தைத் திருப்பி வைத்துக்கொண்டாள்.